தவணை தவறிய உழவரும் நீதிமன்ற நிவாரணமும்

ஆவணி, புரட்டாசி மாதங்களில் சிதம்பரம் வட்டத்து உழவர் சம்பாப் பயிருக்காகக் கடன் பெறுகிறார். தை, மாசியில் அறுவடை செய்து அதை அடைக்க எண்ணுகிறார். இவ்விரண்டிற்கும் இடையே ஐப்பசி, கார்த்திகை, மார்கழி என மூன்று மாதங்கள் உள்ளன. உழவரின் நாணயத்தில் குறையேதும் இல்லாவிடினும், கடனடைப்பதற்கான நெல் அவர் களத்திற்கு வந்து சேருமா என்பதை அம்மூன்று மாதங்களே தீர்மானிக்கின்றன. கீழணையிலிருந்து வடவாறு வழியே வீராணம் ஏரிக்கு வந்து, அங்கிருந்து வாய்க்கால்களில் பிரியும் காவிரி நீர் இக்கடைமடைப் பகுதிக்குக் கடைசியாகவே வருகிறது. வெள்ளமோ, மேற்கே பெய்ததையும் சேர்த்துக்கொண்டு இவ்வழியாகவே கடலை நாடுகிறது. 2011 டிசம்பர் 30ஆம் நாள் கடலூரைத் தாக்கிய 'தானே' புயலையும், 2015ஆம் ஆண்டின் இறுதியில் வந்த பெருவெள்ளத்தையும் இம்மாவட்டத்தார் மறந்திருக்க மாட்டார்கள். தானே புயலில் பண்ருட்டிப் பக்கத்து முந்திரியும் பலாவும் வேரோடு சாய்ந்தன. நெற்பயிர் அழிந்தால் ஒரு பருவத்து வருவாய் போகும். மரம் சாய்ந்தாலோ புதுக்கன்று காய்ப்புக்கு வரும்வரை பல ஆண்டு வருவாய் போகும். கடன் பத்திரத்தில் குறித்த தவணை மட்டும் நகராமல் அங்கேயே நிற்கும்.

இவ்வாறு தவணை தவறிய பின்னர் நடப்பது யாது? முதலில் வங்கியிலிருந்தோ கூட்டுறவுச் சங்கத்திலிருந்தோ அறிவிப்பு வருகிறது. பிறகு வழக்கறிஞர் நோட்டீஸ். அதன்பின் கோர்ட்டு அமீனா சம்மனோடு வீடு தேடி வருகிறார். நம் கிராமங்களில் இக்கட்டத்தில் பலர் செய்வது, சம்மனை வாங்க மறுப்பது. அல்லது வாங்கி உத்திரத்தில் செருகிவிட்டு, "எப்படியும் தள்ளுபடி வரும்" என்று காத்திருப்பது. வட்டார அலுவலகத்திற்கு வரும் பெரியவர்களிடம் இது பற்றிப் பேச நேரும்போதெல்லாம் ஒன்றைக் காண்கிறேன். நீதிமன்றம் என்பது வங்கியின் கடைசி ஆயுதம் என்றே அவர்கள் எண்ணுகின்றனர். அங்கே தமக்கும் சொல்ல ஓர் இடம் உண்டு, தம் கணக்கைச் சரிபார்க்கவும், தமக்குக் காலம் தரவும், தம் ஏரையும் வீட்டையும் காக்கவும் சட்டம் வழி செய்திருக்கிறது என்பதைப் பெரும்பாலோர் அறியார். இந்நிவாரணம் முன்வந்து கேட்பவருக்கே கிட்டுகிறது. தள்ளுபடி என்பதோ முற்றிலும் வேறு வாசலில் நிற்கும் பொருள். இவ்விரண்டையும் ஒன்றெனக் குழப்பிக்கொள்வதால் விளையும் நஷ்டம் பெரிது.

தள்ளுபடி யார் கையில்?

அண்மைக் காலத்தில் இக்கேள்விக்கு விடை கூறிய வழக்கு நம் தமிழ்நாட்டில் எழுந்ததேயாகும். 2016 மே மாதத்தில் பொறுப்பேற்ற மாநில அரசு, அவ்வாண்டு மார்ச் 31 அன்று நிலுவையில் இருந்த சிறு, குறு விவசாயிகளின் கூட்டுறவுக் கடன்களைத் தள்ளுபடி செய்வதாக அறிவித்தது. அத்தொகை 5,780 கோடி ரூபாய் எனக் கணக்கிடப்பட்டது. ஐந்து ஏக்கர் வரை நிலமுடையோர்க்கே அச்சலுகை கிட்டியது. ஆறு ஏக்கர் வைத்திருப்பவனுக்கு மழை பொய்க்கவில்லையா என்ற கேள்வி இயல்பாகவே எழுந்தது. தேசிய தென்னிந்திய நதிகள் இணைப்பு விவசாயிகள் சங்கம் சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளையை நாடிற்று. 2017 ஏப்ரல் 4 அன்று நீதிபதிகள் எஸ். நாகமுத்து, எம்.வி. முரளிதரன் ஆகியோர், நில அளவைப் பாராமல் எல்லா விவசாயிகளுக்கும் அத்தள்ளுபடியை விரிவாக்குமாறு தீர்ப்பளித்தனர்.

அத்தீர்ப்பை வரவேற்று ஊர்தோறும் மகிழ்ந்தவர் பலர். ஆனால் மாநில அரசு மேல்முறையீடு செய்தது. 2017 ஜூலை மாதத்தில் உச்சநீதிமன்றம் அத்தீர்ப்பை நிறுத்தி வைத்தது. வழக்கு நான்காண்டுகளுக்கு மேல் நிலுவையில் நின்றது. இறுதியில் 2021 நவம்பர் 23 அன்று நீதிபதிகள் டி.ஒய். சந்திரசூட், ஏ.எஸ். போபண்ணா ஆகியோர் உயர்நீதிமன்றத் தீர்ப்பை ரத்துச் செய்தனர். சிறு, குறு உழவர்கள் இயற்கைச் சீற்றத்தையும் விலை வீழ்ச்சியையும் தாங்கும் வலிமை குறைந்தவர்கள். ஆகவே அவர்களை மட்டும் தனி வகுப்பாகக் கருதி உதவுவது அரசியலமைப்பின் சமத்துவ விதிக்கு முரணன்று என்பது அத்தீர்ப்பின் சாரம்.

இவ்வழக்கு நிலுவையில் இருக்கும்போதே, 2021 பிப்ரவரி 5 அன்று மாநில அரசு கூட்டுறவுப் பயிர்க்கடன்களை மீண்டும் தள்ளுபடி செய்தது. ஏறத்தாழ 16.43 லட்சம் விவசாயிகளின் 12,110 கோடி ரூபாய் என்பது அப்போது வெளியான கணக்கு. ஆகத் தள்ளுபடியை அளிப்பதும் அதன் எல்லையை வரைவதும் அரசாங்கத்தின் கொள்கை. அதன் செலவைக் கருவூலம் ஏற்கிறது. நீதிமன்றம் தன் மனம்போல் அவ்வெல்லையைத் தள்ளி வைக்க முன்வராது. மேலும், மாநில அரசின் இத்தள்ளுபடிகள் கூட்டுறவுக் கடனுக்கு வந்தவை. வணிக வங்கியில் கடன் பெற்றவர் அவற்றை நம்பிக் காத்திருந்தால், அவர் காத்திருந்தது வட்டி ஏறுவதற்கு மட்டுமே என்றாகும். முறையாகத் திருப்பிச் செலுத்துவோர்க்கு உரிய வட்டிச் சலுகையும் அதற்குள் கைநழுவிப் போயிருக்கும்.

பழைய சட்டமும் அதன் நியாயமும்

நீதிமன்றத்தின் மூலம் கடன்பட்ட உழவர்க்கு நிவாரணம் அளிப்பது நம் மாநிலத்திற்குப் புதிதன்று. 1930ஆம் ஆண்டை ஒட்டி உலகெங்கும் விலைகள் வீழ்ந்தபோது, நெல் விலையும் பாதியாயிற்று, கடனோ பாதியாகவில்லை. 1935இல் சத்தியநாதன் என்ற அதிகாரி சென்னை மாகாண விவசாயிகளின் கடனை ஆராய்ந்து அரசுக்கு அளித்த அறிக்கை, அக்கடன் ஏறத்தாழ 200 கோடி ரூபாய் என மதிப்பிட்டது. அன்றைய 200 கோடி! கடலூரைத் தலைநகராகக் கொண்ட பழைய தென்னார்க்காடு ஜில்லாவும் அம்மாகாணத்தில் அடங்கியதே.

இராஜாஜி முதல் மந்திரியாக இருந்தபோது 1938 மார்ச் மாதத்தில் நடைமுறைக்கு வந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் இதற்கு ஒரு துணிந்த விடை. 1932 அக்டோபர் 1க்கு முன்பு வாங்கிய கடனாயின், 1937 அக்டோபர் 1 அன்று நிலுவையாயிருந்த வட்டி முழுவதும் தீர்ந்ததாகக் கருதப்படும். எஞ்சிய முதல் மட்டுமே செலுத்தற்குரியது. முதலாகவோ வட்டியாகவோ, வாங்கிய தொகையைப் போல் இரு மடங்கு ஏற்கெனவே செலுத்தியிருந்தால் கடனே முற்றும் தீர்ந்தது. முன்னரே கோர்ட்டில் டிக்ரி ஆகியிருந்தாலும், உழவர் மனுச் செய்து அந்த டிக்ரியைத் திருத்திக்கொள்ளலாம். வட்டி முதலை விஞ்சலாகாது என்பது இந்நாட்டின் மிகப் பழைய அறநெறி. அதற்குத் 'தாம்துபத்' என்று பெயர். அதைத்தான் புதுச்சட்டம் கையாண்டது.

இதன்பின் 1954, 1955ஆம் ஆண்டுகளில் தற்காலிக நிவாரணத்திற்கும் தவணை முறையில் செலுத்துவதற்கும் சட்டங்கள் வந்தன. 1980ஆம் ஆண்டின் தமிழ்நாடு கடன் நிவாரணச் சட்டம், ஆண்டுக் குடும்ப வருவாய் 4,800 ரூபாய்க்கு மேற்படாதவரின் கடன்களுக்கு நிவாரணம் அளித்தது. இவையனைத்தும் பெரிதும் தனியார் லேவாதேவிக்காரரை நோக்கி எழுந்தவை. 1969இல் பெரு வங்கிகள் நாட்டுடைமையாகி, கிராமத்துக்குக் கடன் கொடுப்பவராக வங்கியும் கூட்டுறவுச் சங்கமும் வந்த பின்னர் நிலைமை மாறிற்று. பொதுமக்களின் வைப்புத் தொகையைக் கடனாகத் தரும் நிறுவனத்தின் முதலை ஒரு சட்டத்தால் அழித்துவிட முடியாதன்றோ! ஆதலால் நிவாரணமும் உருமாறி, கணக்கின் நேர்மையிலும் காலத்தின் நீட்டிப்பிலும் வந்து நின்றது.

கணக்கைக் கேட்கும் உரிமை

வங்கி தாக்கல் செய்யும் பிராதுடன் ஒரு கணக்குப் பட்டியல் இணைந்திருக்கும். உழவர் முதலில் பார்க்க வேண்டியது அதையே. வங்கி விதித்த வட்டி விகிதம் மிகையானது என்ற ஒரே காரணத்திற்காக நீதிமன்றம் அக்கணக்கைத் திறந்து பார்த்தலாகாது என்று வங்கிகள் ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21-ஏ பிரிவு கூறுகிறது. இது 1984 முதல் நடைமுறையில் உள்ளது. ஆனால், ரிசர்வ் வங்கி இட்ட நெறிகளை மீறி வட்டி போடப்பட்டிருந்தால் அதை நீதிமன்றம் கட்டாயம் பார்க்கும். 1994இல் கார்ப்பரேஷன் வங்கி தொடர்பான வழக்கிலும், 2001இல் சென்ட்ரல் வங்கிக்கும் ரவீந்திரா என்பவருக்கும் இடையிலான வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்விலும் உச்சநீதிமன்றம் இதை விளக்கியுள்ளது. உழவரின் வருவாய் மாதந்தோறும் வருவதன்று, அறுவடையில் வருவது. ஆகவே வேளாண் கடனுக்கு மூன்று மாதத்துக்கொருமுறை வட்டியை முதலோடு சேர்த்து, அதற்கும் வட்டி போடுவது தகாது. பயிர்ப் பருவத்தை ஒட்டி ஆண்டுக்கொருமுறையோ ஆறு மாதத்துக்கொருமுறையோதான் சேர்க்கலாம். அபராத வட்டியை முதலோடு சேர்க்கவே கூடாது என்பன அத்தீர்ப்புகளால் தெளிவாயின.

இதனால் விளையும் வேறுபாட்டை ஓர் உதாரணத்தால் காண்போம். ஒரு லட்சம் ரூபாய்ப் பயிர்க்கடன் தவணை தவறி எட்டாண்டுகள் நின்றுவிட்டது. வட்டி நூற்றுக்கு 12 எனக் கொள்வோம். தனிவட்டியாயின் எட்டாண்டு வட்டி 96,000 ரூபாய். மூன்று மாதத்துக்கொருமுறை கூட்டுவட்டியாயின் அதுவே ஏறத்தாழ 1,57,500 ரூபாய் ஆகும். வாங்கியவர் ஒருவரே, வயலும் ஒன்றே. பேனா முனையில் 61,500 ரூபாய் கூடிவிட்டது. சிறு, குறு விவசாயிகளின் குறுகிய காலக் கடனில் கணக்கில் ஏற்றும் மொத்த வட்டி முதலுக்கு மேற்படலாகாது என்ற விதி ரிசர்வ் வங்கியின் அறிவுறுத்தல்களில் நெடுங்காலமாக இடம்பெற்று வந்துள்ளது. 1938ஆம் ஆண்டுச் சட்டத்தின் பழைய நியாயம் வேறு உருவில் தொடர்வதை இதில் காணலாம். இவ்விதியை எடுத்துக்காட்டி எதிருரை தாக்கல் செய்யும் உழவர் எத்தனை பேர்? மிகச் சிலரே என்று சொல்ல வேண்டியிருக்கிறது.

இயற்கைச் சேதம் நேர்ந்த ஆண்டிலும் இவ்வாறே. ரிசர்வ் வங்கி 2018இல் தொகுத்து வெளியிட்ட நெறிமுறைகளின்படி, பயிர்ச்சேதம் 33 விழுக்காடு முதல் 50 விழுக்காடு வரையாயின் கடனை இரண்டாண்டுத் தவணையாகவும், 50 விழுக்காடும் அதற்கு மேலுமாயின் ஐந்தாண்டு வரையிலான தவணையாகவும் மாற்றித் தரலாம். அதில் முதலாண்டு செலுத்த வேண்டாத காலம். வெள்ளம் வடிந்தவுடன் கிராம நிர்வாக அலுவலரின் சேதக் கணக்கிலும் அடங்கலிலும் தம் சர்வே எண் சரியாக ஏறியிருக்கிறதா என்று பார்த்து, வங்கிக்கு எழுத்து மூலம் விண்ணப்பம் கொடுத்து, அதன் நகலில் முத்திரையும் தேதியும் பெற்றவர், பின்னாளில் வழக்கு வந்தாலும் கோர்ட்டில் காட்ட ஒரு காகிதம் வைத்திருப்பார். ஊராட்சி உறுப்பினர்கள் செய்யக்கூடிய உதவிகளுள் இதற்கு நிகர் வேறில்லை என்பது என் கருத்து.

சம்மன் வந்த பிறகு

சம்மன் பெற்ற நாளிலிருந்து 30 நாட்களுக்குள் எதிருரை தாக்கல் செய்ய வேண்டும். காரணம் காட்டினால் நீதிமன்றம் 90 நாள் வரை அனுமதிக்கலாம். வாய்தா நாளில் யாரும் ஆஜராகாவிடின் ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகிவிடும். உத்திரத்தில் செருகிய சம்மனால் வரும் கேடு இதுவே. கணக்கில் பிழை இருந்தாலும் அப்போது எடுத்துச் சொல்ல ஆள் இல்லை. ஒருதலைத் தீர்ப்பு ஆகிவிட்டாலும் கதவு முற்றும் அடைபட்டதன்று. தக்க காரணம் காட்டி 30 நாட்களுக்குள் அதை நீக்கக் கோரலாம். சம்மன் முறையாகச் சார்வு ஆகவில்லையெனில், தீர்ப்பைப் பற்றி அறிந்த நாளிலிருந்து அக்கெடு கணக்கிடப்படும்.

வழக்கின் காலவரம்பையும் கவனிக்க வேண்டும். பிராமிசரி நோட்டின் பேரில் பணத்திற்காக வழக்குத் தொடுக்க மூன்றாண்டு. நிலத்தை அடமானம் வைத்த கடனுக்குப் பன்னிரண்டு ஆண்டு. இடையில் ஒரு சிறு தொகை செலுத்தி ஒப்பமிட்டாலும், "இவ்வளவு பாக்கி" என்று எழுதிய தாளில் கையெழுத்திட்டாலும் அந்நாளிலிருந்து காலவரம்பு புதிதாகத் தொடங்கும். நியாயமாகத் தர வேண்டிய கடனுக்குக் காலவரம்பைச் சாக்காகச் சொல்லித் தப்புவதை நான் பரிந்துரைக்கவில்லை. எதில் கையெழுத்திடுகிறோம் என்று படித்துப் பார்த்த பின்னரே கையெழுத்திட வேண்டும் என்பதுதான் சொல்ல வந்தது.

அடமானமில்லாத பணக் கடனில், தீர்ப்புத் தொகையைத் தவணைகளாகச் செலுத்த அனுமதி வழங்க நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 20ஆம் கட்டளை, 11ஆம் விதி அதற்குரியது. வணிகக் கடன் அல்லாதவற்றில் தீர்ப்புக்குப் பிந்திய வட்டி ஆண்டுக்கு 6 விழுக்காட்டிற்கு மேற்படலாகாது என்பது அச்சட்டத்தின் 34ஆம் பிரிவு. அடமானக் கடனுக்கு நடைமுறை வேறு. அங்கே முதலில் முதனிலைத் தீர்ப்பாணை வழங்கி, பணம் செலுத்த ஆறு மாதம் வரை காலம் தருவர். காரணம் இருப்பின் அதை நீட்டிப்பர். இறுதித் தீர்ப்பாணைக்குப் பின் ஏலமே நடந்துவிட்டாலும், அது உறுதி செய்யப்படுமுன் முழுத் தொகையையும், ஏலம் எடுத்தவருக்குரிய ஐந்து விழுக்காட்டையும் கட்டி நிலத்தை மீட்கலாம்.

மக்கள் நீதிமன்றம்

சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 1987இல் இயற்றப்பட்டு, 1995 நவம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்தது. அதன்படி அமைந்ததே 'லோக் அதாலத்' எனப்படும் மக்கள் நீதிமன்றம். கடலூரில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவும், சிதம்பரத்தில் வட்டச் சட்டப் பணிகள் குழுவும் இதனை நடத்துகின்றன. தேசிய அளவில் ஒரே நாளில் நடக்கும் அமர்வுகள் பொதுவாக ஆண்டுக்கு நான்கு முறை கூடுகின்றன. கோர்ட்டில் ஏற்கெனவே உள்ள வழக்கும் வரலாம். வழக்காகாத பாக்கியும் வரலாம். கோர்ட்டு வழக்கு இங்கே சமரசமாக முடிந்தால், கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும்.

இங்கே நீதிபதி தீர்ப்புச் சொல்வதில்லை. இரு தரப்பையும் உட்கார வைத்துப் பேச வைக்கிறார். வங்கி மேலாளர் தம் மேலலுவலகம் அனுமதித்த அளவில் வட்டியைக் குறைக்கிறார். உழவர் தம்மால் இயன்றதைச் சொல்கிறார். ஒத்துவந்தால் எழுதிக் கையொப்பமாகும். ஒத்துவராவிடின் வழக்கு பழைய கோர்ட்டுக்கே திரும்பும். மறுத்ததனால் எவருக்கும் தண்டனை இல்லை.

ஓர் எச்சரிக்கை மட்டும் இங்கே விரிவாகச் சொல்லத் தக்கது. மக்கள் நீதிமன்றத்தில் கையெழுத்தான ஒப்பந்தம் உரிமையியல் நீதிமன்றத்தின் தீர்ப்பாணைக்குச் சமம். அதன்மீது மேல்முறையீடு கிடையாது. "வரும் மார்ச்சுக்குள் 80,000 ரூபாய் கட்டினால் மீதி தள்ளுபடி, தவறினால் முழுப் பாக்கியும் வட்டியும் வசூலிக்கலாம்" என்று ஒரு வரி அதில் இருக்கக்கூடும். நாலு பேர் முன்னிலையில் நாணி, கட்ட இயலாத தவணைக்கு ஒப்புக்கொண்டவர், மார்ச் மாதம் சென்றதும் நேரே நிறைவேற்று மனுவையும் ஜப்தியையும் எதிர்நோக்க நேரும். சம்பா அறுவடை தையில் என்றால் தவணையைப் பங்குனிக்குக் கேட்க வேண்டும். கரும்பாயின் ஆலை பணம் தரும் மாதத்தை எண்ணிக் கேட்க வேண்டும். அன்று பேசிக் கேட்காவிடின், பின்னர் கேட்க இடமில்லை. அமெரிக்காவில் 1986 முதல் குடும்ப விவசாயிகளுக்கெனத் தனி நொடிப்புச் சட்ட அத்தியாயம் உண்டு. அங்கும் உழவரே தம் விளைச்சலுக்கேற்ற மூன்று முதல் ஐந்தாண்டுத் திட்டத்தை வகுத்து நீதிமன்றத்தின் முன் வைக்கிறார். நம் மக்கள் நீதிமன்றத்திலும் திட்டம் உழவரின் வாயிலிருந்து வருவதே நலம்.

ஜப்தியில் எவை போகா?

தீர்ப்பாகி, நிறைவேற்று மனு வந்த பின்னும் எல்லாவற்றையும் ஜப்தி செய்துவிட முடியாது. நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவின்படி உழவரின் வேளாண் கருவிகள், பிழைப்புக்கு வேண்டிய உழவு மாடுகள், விதை நெல் ஆகியவற்றை ஜப்தி செய்யலாகாது. உழவர் குடியிருக்கும் வீடும் அதன் மனையும் அவ்வாறே. ஆனால் அவற்றையே ஈடாக எழுதிக் கொடுத்துக் கடன் வாங்கியிருந்தால் இப்பாதுகாப்புப் பொருந்தாது. ஈடாக வைத்து வாங்கிய டிராக்டரை வங்கி கைப்பற்றலாம். எனினும் அடியாட்களை ஏவிக் கைப்பற்றுவதை 2007இல் ஐ.சி.ஐ.சி.ஐ. வங்கி தொடர்பான வழக்கில் உச்சநீதிமன்றம் கடுமையாகக் கண்டித்துள்ளது.

நிலத்தை ஏலமிடும்போதும் கடனுக்கு வேண்டிய பகுதியை மட்டுமே விற்க வேண்டும். ஆந்திரத்தில் சில ஆயிரம் ரூபாய்த் தீர்ப்புக்காகப் பத்து ஏக்கரையும் ஏலமிட்டதை 1989இல் உச்சநீதிமன்றம் செல்லாதென்று தள்ளியது. வேளாண் நிலத்தின்மீது, கோர்ட்டுக்குப் போகாமலே கைப்பற்ற வங்கிகளுக்கு அதிகாரமளிக்கும் 2002ஆம் ஆண்டின் 'சர்ஃபேசி' சட்டம் செல்லாது. அச்சட்டத்தின் 31ஆம் பிரிவே வேளாண் நிலத்தை விலக்கி வைத்துள்ளது. ஆயினும் பட்டாவில் நஞ்சை என்றிருப்பது மட்டும் போதாது. நிலம் உண்மையில் எவ்வாறு பயன்படுகிறது என்பதையும் நீதிமன்றம் பார்க்கும். பரங்கிப்பேட்டை, கிள்ளை போன்ற கடலோரப் பகுதிகளில் வயல் இறால் குட்டையாகவோ, நகருக்கு அருகே மனைப்பிரிவாகவோ மாறியிருந்தால் இவ்விலக்கைப் பற்றி வாதம் எழக்கூடும்.

கடனுக்காகச் சிறைக்குப் போக நேருமோ என்ற அச்சம் பலரைத் தின்கிறது. உரிமையியல் சிறை என ஒன்று சட்டத்தில் இருப்பது மெய். அதிகம் மூன்று மாதம். ஆனால் கட்ட வழியிருந்தும் வஞ்சகமாகக் கட்டாதவருக்கே அது பொருந்தும். வறுமையால் கட்ட இயலாதவரைச் சிறையிடலாகாது என்று 1980இல் கொச்சி வங்கி வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு இன்றும் நிற்கிறது. பெண்களைப் பணத் தீர்ப்புக்காகக் கைது செய்யவே இயலாது. தந்தை பட்ட கடனுக்கு மகன் பொறுப்பு, தந்தை விட்டுச்சென்ற சொத்தின் அளவுக்கு மட்டுமே. மகனின் சொந்தச் சம்பாத்தியத்தைத் தொட முடியாது. ஜாமீன் கையெழுத்திட்டவர் நிலைமையோ வேறு. அவர் கடன்காரருக்குச் சமமான பொறுப்புடையவர். "கடன் அவர் வாங்கியது" என்று அவர் சொல்லித் தப்ப முடியாது.

கூட்டுறவுக் கடனும் கந்துவட்டியும்

கூட்டுறவுச் சங்கத்துக் கடன் வழக்கமாக உரிமையியல் நீதிமன்றத்திற்கு வருவதில்லை. 1983ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 90ஆம் பிரிவின்படி கூட்டுறவுத் துறை அலுவலர் நடுவராக இருந்து விசாரிக்கிறார். அவர் அனுப்பும் அறிவிப்பும் சம்மனைப் போன்றதே. அன்றும் ஆஜராகிக் கணக்கைக் கேட்க வேண்டும். அம்முடிவின்மீது 152ஆம் பிரிவின்படி தீர்ப்பாயத்தில் முறையிடலாம்.

தனியாரிடம் கந்துவட்டி, மீட்டர் வட்டி என்று சிக்கியவர்க்கு 2003ஆம் ஆண்டுச் சட்டம் துணை. அத்தகைய வட்டி வாங்குவோர்க்கு மூன்றாண்டு வரை சிறையும் 30,000 ரூபாய் வரை அபராதமும் உண்டு. நியாயமாகத் தர வேண்டிய தொகையைக் கடன்பட்டவர் நேரே நீதிமன்றத்தில் கட்டிவிடவும் அச்சட்டம் வழி செய்கிறது. வங்கிக் கடனை அடைப்பதற்காகக் கந்துவட்டிக்கு வாங்குவது நம் பகுதியில் பரவலாக உள்ள வழக்கம். வங்கிக் கடனுக்குத் தவணையும் சமரசமும் கேட்கலாம். மற்றதற்கு அவ்வாறு கேட்க ஏலாது. ஆதலால் இவ்வழக்கத்தைப் போல் அறிவுக்குப் பொருந்தாதது வேறில்லை.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லை என்பது பலர் கூறும் குறை. சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவு பெண்களுக்கும், ஆதிதிராவிடர், பழங்குடியினர்க்கும் வருமானம் பாராமல் இலவச வழக்கறிஞரைத் தருகிறது. வெள்ளத்தாலோ வறட்சியாலோ தம் குற்றமின்றி அல்லற்பட்டவரும் அப்பட்டியலில் உள்ளனர். மற்றவர்க்கு அரசு வகுத்த வருமான வரம்பு உண்டு. சம்மன், கடன் புத்தகம், கட்டிய ரசீதுகள், சிட்டா, அடங்கல், பயிர்க் காப்பீட்டுத் தாள், வெள்ளச் சேத விண்ணப்பத்தின் நகல் ஆகியவற்றோடு கடலூர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தையோ, சிதம்பரத்தில் உள்ள வட்டக் குழுவையோ வாய்தா நாளுக்கு முன்பே அணுகலாம். நேரில் செல்ல இயலாதவர் 15100 என்ற எண்ணிற்குத் தொலைபேசியில் பேசலாம். அதற்குக் கட்டணம் இல்லை.